ஊறட்டும் அண்ணனின் கறுப்பு வண்டி

தன் காரின் மேல் எச்சமிட்ட காக்கையை "வாங்க, போங்க" என்று மரியாதை கொடுத்துத் திட்டிய மனிதர் இந்தப் பூமியில் ஒருவர்தான் இருக்க முடியும். அவர் ராமேஸ்வரத்தில் வாடகைக் கார் ஓட்டுகிறார். பெற்றவர்கள் வைத்த பெயர் ஒன்று இருக்கத்தான் செய்யும். டிரைவிங் லைசென்ஸை வாங்கிப் பார்த்தால் தெரிந்துவிடும். ஆனால் ஊருக்கு அவர் 'ஊறட்டும் அண்ணன்'தான்.

நான் அப்போது அங்கே ஒரு லாட்ஜில் ரிசப்ஷனில் உட்கார்ந்திருந்தேன். சாவி கொடுப்பது, சாவி வாங்குவது, வெந்நீர் எப்போது வரும் என்று கேட்பவர்களுக்கு "இதோ வந்துவிடும்" என்று சொல்வது, இவ்வளவுதான் வேலை. மிச்ச நேரமெல்லாம் வாசலைப் பார்த்துக்கொண்டிருப்பேன். வாசலில் ஒரு பூவரச மரம், அதன் கீழே அண்ணனின் கறுப்பு வண்டி, வண்டியைச் சுற்றிச் சுற்றி வரும் அண்ணன். தொலைக்காட்சி இல்லாத குறையே தெரியவில்லை.

ஊரில் ஓடுகிற டாக்ஸியெல்லாம் வெள்ளை. இவருடையது மட்டும் கறுப்பு. அந்த வெயிலில், அந்த மணலில், அத்தனை காக்கைகளுக்கு நடுவில் ஒரு மனிதர் ஏன் கறுப்பு வண்டி வாங்க வேண்டும்? வேலைக்குச் சேர்ந்த புதிதில் கேட்டே விட்டேன்.

"வெள்ளையில அழுக்குத் தெரியாது தம்பி. தெரியாத அழுக்க எப்படி எடுக்கிறது?"

அதற்கு மேல் என்ன கேட்பது?

'ஊறட்டும்' என்ற பெயர் வந்த கதையை நான் நேரிலேயே பார்த்தேன். ஒருநாள் காலை பூவரச மரத்திலிருந்து ஒரு காக்கை குறி தவறாமல் பானட்டின் நடுவில் போட்டுவிட்டது. மாடி அறையில் தங்கியிருந்த ஒரு நல்ல மனிதர், ஏதோ உதவி செய்கிறோம் என்று தோளில் கிடந்த துண்டை எடுத்து அதைத் தேய்க்கப் போனார். தெருமுனை டீக்கடையில் இருந்த அண்ணனிடமிருந்து ஓர் அலறல் வந்தது. நான் யாரோ கிணற்றில் விழுந்துவிட்டார்கள் என்று நினைத்து எழுந்து ஓடினேன். கையில் டீ கிளாஸோடு ஓடிவந்த அண்ணன், அந்த மனிதரின் துண்டைப் பிடித்துக்கொண்டு மூச்சு வாங்க, "ஊறட்டும்! ஊறட்டும்! ஊறட்டும்!" என்றார். அந்த மனிதர் பயந்துபோய், "ஊறட்டும், ஊறட்டும்" என்று தானும் சொன்னார்.

பிறகு எனக்கு விளக்கம் கிடைத்தது. "காக்கா என்ன திங்கிது? வேப்பங்கொட்டை, மீன் முள்ளு, மணலு. அம்புட்டும் அந்த எச்சத்துல இருக்கு. காஞ்ச துணிய வச்சுத் தேய்ச்சா உப்புக்காகிதம் வச்சுத் தேய்க்கிற மாதிரி. பெயின்ட்டுக்கு மேல கண்ணாடி மாதிரி ஒரு பூச்சு இருக்கு தம்பி. மெல்லிசு. அது போச்சுன்னா வண்டியோட மூஞ்சியே போச்சு. அதனால நனைஞ்ச துணிய மேல போட்டு ஊற வைக்கணும். ஊறுனதும் ஒத்தி எடுக்கணும். துடைக்கிறது வேற, எடுக்கிறது வேற." அதற்காக வெயிலில் காய்ந்துபோகும்வரை விட்டுவிடவும் கூடாதாம், எச்சத்தில் இருக்கும் அமிலம் பூச்சைத் தின்றுவிடுமாம். ஓடவும் வேண்டும், ஓடியபின் பொறுமையாகவும் இருக்க வேண்டும்.

துணி ஊறிக்கொண்டிருக்கும்போது மரத்தை அண்ணாந்து பார்ப்பார். "ஏன்யா பெரியவரே, தனுஷ்கோடி வரைக்கும் இம்புட்டு மணல் கெடக்கு. ஒங்களுக்கு என் பானட்டுதான் கெடச்சுதா? கொஞ்சம் தள்ளிப் போயி உக்காரக் கூடாதா நீங்க?"

"காக்காய்க்கு எதுக்குண்ணே இவ்வளவு மரியாதை?"

"யாரு வீட்டுப் பெரியவருன்னு கண்டோம்? நேத்து ஏறுன சவாரியோட தாத்தாவா இருந்தா? நம்ம தொழில் பண்ற ஊரு அப்படி."

அவர் இடுப்பைச் சுற்றி எப்போதும் துணிகள் தொங்கும். நீலம் பானட்டுக்கு, மஞ்சள் கண்ணாடிக்கு, சிவப்பு சக்கரத்துக்கு. தூரத்திலிருந்து பார்த்தால் கோயில் திருவிழாவுக்குக் கொடி கட்டிய மாதிரி இருப்பார். நீலத் துணி தப்பித்தவறிக் கீழே விழுந்துவிட்டால் அதோடு அதற்குப் பானட் உத்தியோகம் முடிந்தது. ஒரு பொட்டு மணல் ஒட்டியிருந்தாலும் கோடு விழுமாம். சக்கரத்துக்கு இறக்கிவிடுவார். சக்கரத்திலிருந்தும் தள்ளப்பட்டவை எங்கள் லாட்ஜுக்கு வரும். நாங்கள் அவற்றை வைத்துத்தான் தரை துடைத்தோம்.

கழுவும்போது இரண்டு வாளி. ஒன்றில் கார் ஷாம்பு நுரை, இன்னொன்றில் வெறும் தண்ணீர். துணியை நுரையில் முக்கி ஒரு பக்கம் தடவி, வெறும் தண்ணீரில் அலசி மணலை உதிர்த்துவிட்டு, மறுபடி நுரை. மேலிருந்து கீழே. வெயிலில் கழுவ மாட்டார். சூடான தகரத்தில் தண்ணீர் பட்ட இடமெல்லாம் வட்டம் வட்டமாகக் கறை நிற்குமாம். எங்கள் லாட்ஜ் போர் தண்ணீர் உப்பு என்பதால் கடைசி அலசலுக்கு மட்டும் நல்ல தண்ணீர் வேண்டும். அதற்காக எங்கள் குடிதண்ணீர் கேன் மேல் அவர் கண் வைத்திருந்தார். நான் கேன் மேல் கண் வைத்திருந்தேன்.

சவாரிக்கு வருகிற பக்தர்களோடு அவர் பட்ட பாடு தனி. கடலில் முங்கி, தீர்த்தக் கிணறுகளிலெல்லாம் குளித்துவிட்டு ஈரத்தோடு வருவார்கள். கறுப்பு பானட் தோசைக்கல் மாதிரி சுடும். புடவை காயப்போட அதைவிட நல்ல இடம் யாருக்குத்தான் கிடைக்கும்? அண்ணன் காபி குடித்துவிட்டுத் திரும்புவதற்குள் வண்டி முழுக்க வேட்டியும் பாவாடையுமாக விரிந்திருக்கும். கடல் உப்பு, கடல் மணல், அதன்மேல் ஈரத்துணி. "அம்மா, எடுங்கம்மா! ஏய்யா, இழுக்காதீக! தூக்குங்க, தூக்குங்க! இழுத்தா கோடு விழும்!" மொழி தெரியாத ஒரு வடநாட்டுக் குடும்பம் இவர் ஏதோ மந்திரம் சொல்கிறார் என்று நினைத்துக் கைகூப்பி நின்றதை நான் பார்த்திருக்கிறேன்.

ஆனால் அவருடைய நிரந்தர வழக்கு காக்கைகளோடுதான். வெயிலில் நிறுத்தினால் பெயின்ட் வெளிறும். நிழலில் நிறுத்தினால் மேலே காக்கை. உறை போட்டுப் பார்த்தார். கடல் காற்றில் உறை படபடவென்று அடித்து, அடியில் புகுந்த மணலைத் தானே தேய்க்க ஆரம்பித்தது. உறை போய்விட்டது. கறுப்புப் பிளாஸ்டிக் பையைச் செத்த காக்கை மாதிரி கட்டி மரத்தில் தொங்கவிட்டார். ஊரிலுள்ள காக்கையெல்லாம் துக்கம் விசாரிக்க வந்து மரம் நிறைய உட்கார்ந்து அழுதன. அன்றைக்கு வண்டியின் கதி என்ன ஆனது என்று நான் சொல்ல வேண்டியதில்லை.

கடைசியில் சமாதானத்துக்கு இறங்கினார். பாம்பனிலிருந்து நெத்திலிக் கருவாடு வாங்கி வந்து டிக்கியில் ஒரு டப்பாவில் வைத்துக்கொண்டார். காலையில் டிக்கியைத் திறந்து, ஒரு கை அள்ளி, தெருக்கோடியில் இருக்கும் இடிந்த சுவரில் போட்டுவிட்டு வருவார். சாப்பிட்டுவிட்டு அங்கேயே இருப்பார்கள், வண்டிப் பக்கம் வர மாட்டார்கள் என்பது திட்டம்.

காக்கைகள் அதை வேறு விதமாகப் புரிந்துகொண்டன. இந்தக் கறுப்பு வண்டிதான் தங்களுக்குச் சோறு போடுகிறது என்று முடிவு செய்தன. அதன்பிறகு வண்டி எங்கே போனாலும் மேலே நாலைந்து பேர் கூடவே பறந்தார்கள். டிக்கி மூடும் 'டப்' சத்தம் கேட்டால் போதும், எங்கிருந்தெல்லாமோ வந்து இறங்கினார்கள். அண்ணன் சிலருக்குப் பெயரே வைத்துவிட்டார். கழுத்தைச் சாய்த்துச் சாய்த்துப் பார்க்கும் ஒன்றுக்கு 'மேனேஜர்'. எங்கள் லாட்ஜ் மேனேஜருக்கு அது தெரியாது.

இப்படி இருக்கும்போதுதான் கொங்குநாட்டுக் கோபிப் பக்கத்திலிருந்து அந்தக் குடும்பம் வந்தது. ஒரு அம்மா, நாற்பது வயது மதிக்கத்தக்க மகன். சொந்தக் காரில் வந்திருந்தார்கள். அடர் சிவப்பு வண்டி.

எந்த வண்டி உள்ளே வந்தாலும் சுங்க அதிகாரி மாதிரி ஒரு சுற்றுச் சுற்றி வருவது அண்ணனின் வழக்கம். அன்றும் வந்தார். பானட் அருகே போனவர் அப்படியே நின்றுவிட்டார். நானும் எட்டிப் பார்த்தேன். காலை வெயில் சாய்வாக விழுந்ததில் பானட் முழுக்க, கூரை முழுக்க, கதவுகள் முழுக்க வட்ட வட்டமாகக் கீறல்கள். ஒரு கையகலம் மிச்சமில்லை.

"அய்யய்யோ! எந்தப் பாவிப்பய இப்படித் தேய்ச்சது? வண்டியக் கழுவுனானா, இல்ல கருவாட்டுச் சட்டியக் கழுவுனானா?"

பின் கதவுக் கண்ணாடி இறங்கியது. உள்ளே இருந்த அம்மா மெல்லச் சொன்னார். "எங்கூட்டுக்காரருங்க. போன வருசம் தவறிட்டாருங்க. அவருக்குத் திதி குடுக்கத்தான் வந்தமுங்க."

மகன் வேறு பக்கம் திரும்பிக்கொண்டார். ஊறட்டும் அண்ணன் இரண்டடி பின்னால் நகர்ந்து, இடுப்பில் தொங்கிய நீலத் துணியை உருவி உருவிச் செருகினார்.

அவர்கள் கடற்கரைக்குப் போன பிறகு என்னிடம் வந்து உட்கார்ந்தார். "தம்பி, செத்த மனுசனப் போயி பாவிப்பயன்னு சொல்லிப்புட்டேனே. அதுவும் திதியன்னைக்கு."

"தெரியாமத்தானேண்ணே சொன்னீங்க."

"அது எனக்குத் தெரியும், ஒனக்குத் தெரியும். பெரியவருக்குத் தெரியுமா?"

உச்சிப் பொழுதில் அவர்கள் திரும்பி வந்து, மெஸ்ஸிலிருந்து வாங்கிய சாப்பாட்டை இலையில் பரிமாறி லாட்ஜ் மதில்மேல் வைத்தார்கள். காக்கை எடுத்தபிறகுதான் வீட்டார் சாப்பிட வேண்டும். "கா, கா" என்று மகன் கூப்பிட்டார். ஒன்றும் வரவில்லை. அந்த ஊரில், அந்த நேரத்தில், காக்கைக்கு எத்தனை வீட்டு விருந்து! 'மேனேஜர்' மட்டும் மின்கம்பியில் வந்து உட்கார்ந்தது. இலையைக் கழுத்தைச் சாய்த்துப் பார்த்தது. அலகைக் கம்பியில் துடைத்துக்கொண்டு போய்விட்டது.

நேரம் ஆகிக்கொண்டே போனது. அந்த அம்மா சர்க்கரை நோயாளி. காலையிலிருந்து பச்சைத் தண்ணீர்தான். முகம் வெளுத்துக்கொண்டே வந்தது.

"அம்மா, நீங்க சாப்பிடுங்க. நான் நிக்கிறேன்," என்றார் மகன்.

"அவரு சாப்பிடாம நான் எப்படிக் கண்ணு கை நனைக்கிறது?"

மகன் மதிலருகே நின்றபடி, என்னைப் பார்த்தும் அண்ணனைப் பார்த்தும் சொன்னார். "எம்மேல கோவமுங்க அவருக்கு. அதான் வர மாட்டீங்கறாரு."

விஷயம் இதுதான். வண்டி வாங்கிய புதிது. ஆயுத பூஜைக்கு முந்தின நாள், மகன் வேலைக்குப் போயிருந்தபோது, வண்டியைப் பளபளவென்று ஆக்கி அசத்திவிட வேண்டும் என்று அப்பா கிளம்பியிருக்கிறார். சோப்புத் தூள், பாத்திரம் தேய்க்கும் நார். பாதி நாள் மூச்சுப் பிடித்துத் தேய்த்திருக்கிறார். சாயங்காலம் வந்த மகன் தெருவே கேட்கக் கத்திவிட்டார். அப்பா நாரைக் கீழே போட்டுவிட்டு உள்ளே போய்விட்டார். அதன்பிறகு சாகும்வரை அந்த வண்டியில் ஏறவும் இல்லை. ஆஸ்பத்திரிக்குக்கூடப் பஸ்ஸில்தான் போனாராம்.

அண்ணன் குறுக்கே புகுந்தார். "இல்ல சார், கோவம் எம்மேலதான். காலையில என்ன பேச்சுப் பேசுனேன்!"

"இல்லீங்க, எம்மேலதான்."

"நீங்க மகன் சார். மகன் பேசுனத அவரு அன்னைக்கே மறந்திருப்பாரு. நான் யாரோ ஒருத்தன்ல?"

இறந்துபோன ஒருவரின் கோபத்துக்கு இரண்டு பேர் போட்டி போட்டதை நான் வேறெங்கும் பார்த்ததில்லை. சிரிக்கவும் முடியவில்லை.

திடீரென்று அண்ணன் தலையில் கை வைத்தார். "காலையிலயே நெத்திலியப் போட்டுப்புட்டேன் தம்பி. அதான் ஒருத்தருக்கும் பசியில்ல." மதிலைப் பார்த்தார். அந்த அம்மாவைப் பார்த்தார். பிறகு மரத்தடியில் நின்ற தன் வண்டியைப் பார்த்தார். அன்று விடியற்காலைதான் கழுவி மெழுகு பூசியிருந்தார். பூவரச இலைகள் ஒவ்வொன்றும் அதில் தெரிந்தன.

"தம்பி, என் வண்டிச் சாவிய எடு."

வண்டியை எடுத்து வந்து மதிலோரம் பட்டப்பகல் வெயிலில் நிறுத்தினார். இறங்கி டிக்கியைத் திறந்து, கருவாட்டு வாடை இலைப் பக்கம் போய்விடக் கூடாது என்று உடனே மூடினார். 'டப்.' மறுபடி திறந்தார். 'டப்.'

முதலில் வந்தது 'மேனேஜர்'. அதன் பின்னால் மின்கம்பி, மொட்டைமாடி, தென்னை, கோபுரப் பக்கம் என்று எல்லாத் திசையிலிருந்தும் வந்தார்கள். கூரையில் இறங்கினார்கள். நகம் தகரத்தில் உராயும் சத்தம் ரிசப்ஷன் வரை கேட்டது. ஒன்று வைப்பரைக் கொத்தி இழுத்தது. கருவாடு வராத கோபத்தில் மேலிருந்தும் உட்கார்ந்தும் நடந்துகொண்டும் எச்சமிட்டார்கள். கறுப்பு வண்டி எங்கள் கண் முன்னால் புள்ளி வைத்த கோலமானது. ஒவ்வொரு சத்தத்துக்கும் அண்ணனின் தோள் ஒருமுறை தூக்கிப்போட்டது. ஆனாலும் கையெடுத்துக் கும்பிட்டுக்கொண்டு நின்றார்.

"பெரியவரே, தெரியாமப் பேசிப்புட்டேன். மனசுல வச்சுக்காதீக. மகன் கூப்புடுறாரு, வாங்க. என் வண்டி கெடக்கட்டும்."

கடைசியாக வந்த ஓர் ஒல்லிக் காக்கை வண்டியில் உட்காரவில்லை. நேராக மதிலுக்குப் போனது. இலையைச் சுற்றி ஒரு நடை நடந்தது. பருப்புச் சோற்றில் வாய் வைத்தது. பிறகு அப்பளத்தை எடுத்துக்கொண்டு பறந்தது.

"அப்பளம்னா உசுரை விடுவாருங்க," என்று சொல்லிக்கொண்டே அந்த அம்மா அழுதார். பிறகு உட்கார்ந்து சாப்பிட்டார். இரண்டாம் முறை சோறு கேட்டு வாங்கிச் சாப்பிட்டார்.

சாப்பாடு முடிந்ததும் மகன் தயங்கித் தயங்கி அண்ணனிடம் வந்தார். "அந்தக் கோடெல்லாம் எடுக்க முடியுமுங்களா?" கேட்டுவிட்டு உடனே, "வேண்டாமுங்க. அப்பா கைபட்ட கோடு. அப்படியே இருக்கட்டும்," என்றார்.

கை கழுவிக்கொண்டிருந்த அம்மா திரும்பினார். "எடுத்துருங்க தம்பி. ஒரு கோடு மிச்சமில்லாம எடுத்துருங்க." பிறகு மகனைப் பார்த்துச் சொன்னார். "உங்கப்பாவுக்குக் கோவமில்ல கண்ணு. கூச்சம். நீ ஆசை ஆசையா வாங்குனதப் பாழாக்கிட்டமேன்னு கூச்சம். வாசல்ல வண்டி நின்னா அந்தப் பக்கமே வரமாட்டாரு. அதைப் பாத்துப் பாத்துச் சங்கடப்பட்டே போய்ச் சேந்துட்டாரு. இனிமேலாவது அது அவரு கண்ணுல படாம இருக்கட்டும்."

மகன் சட்டைக் கையை மடித்துவிட்டார்.

தங்கச்சிமடத்தில் பெயின்ட் பட்டறை வைத்திருக்கும் நண்பரிடமிருந்து அண்ணன் பாலிஷ் போடும் மெஷினை வாங்கி வந்தார். சிவப்பு வண்டி மரத்தடிக்கு வந்தது. முதலில் கழுவினார்கள். ஈரத்தை ஒற்றி எடுத்தார்கள். கதவின் மூலையில் ஒரு சின்ன இடத்தில் பாலிஷ் போட்டுப் பார்த்து, கோடு மங்குகிறதா என்று அண்ணன் வெயிலில் சாய்த்து ஒரு கண்ணை மூடிப் பார்த்தார். "மேல்கோடு போயிரும் சார். ஆழமா விழுந்தது நாலஞ்சு நிக்கும். அதையும் எடுக்கணும்னு அழுத்துனா பூச்சே போயிரும். நம்ம அழுத்த வேண்டாம்."

மகன் மெஷினைப் பிடித்தார். அண்ணன் பக்கத்தில் நின்றபடி, "மெல்ல, மெல்ல, ஒரே எடத்துல நிக்காதீக," என்று சொல்லிக்கொண்டிருந்தார். இடையிடையே மகன் தன் அப்பாவைப் பற்றிச் சொல்ல ஆரம்பித்தார். மில்லுக்குப் போனது, அப்பளத்தை நொறுக்கிச் சோற்றில் பிசைவது, சைக்கிளைக்கூட அந்த நாரால்தான் தேய்ப்பது. பேசப் பேசச் சிரிப்பு வந்தது. அம்மா ஒரு நாற்காலியில் உட்கார்ந்து, "அங்க ஒண்ணு விட்டுட்டீங்க பாருங்க," என்று கை காட்டிக்கொண்டிருந்தார். மறுநாள் அவர்கள் கிளம்பும்போது அம்மா முன் சீட்டில் ஏறினார்.

இதற்கிடையே கறுப்பு வண்டி வெயிலில் அப்படியே கிடந்தது. ஞாபகம் வந்து அண்ணன் ஓடியபோது எச்சம் கல்லாகியிருந்தது. ஊறவைத்து எடுத்தபிறகும் பானட்டில் அம்மைத் தழும்பு மாதிரி மங்கலாக நின்றது. இதை நினைவாக வைத்துக்கொள்வார் என்று நான் எதிர்பார்த்தேன். அதெல்லாம் அவரிடம் நடக்காது. அடுத்த ஓய்வு நாளே அதே மெஷினை வாங்கிவந்து, மரத்தை அண்ணாந்து ஒவ்வொரு காக்கையையும் பெயர் சொல்லி மரியாதையோடு திட்டியபடி முழுவதும் எடுத்துவிட்டார். காலை நெத்திலி மட்டும் நிற்கவில்லை. யாருக்காவது தேவைப்பட்டால் என்ன செய்வது என்றார். தேவைப்பட்டும் இருக்கிறது. இலை வைத்துக் காத்திருக்கும் வீட்டார் பக்கத்து லாட்ஜுகளிலிருந்து ஆளனுப்புவார்கள். முனகிக்கொண்டே வண்டியை எடுத்துக்கொண்டு போவார்.

நான் அந்த வேலையை விட்டு மதுரைக்கு வந்து சில வருஷங்கள் ஆகின்றன. போன மாதம் முதன்முதலாகச் சொந்தக் காரில், பழைய கார்தான், குடும்பத்தோடு ராமேஸ்வரம் போனேன். லாட்ஜ் வாசலில் நிறுத்திவிட்டு இறங்கினேன். அண்ணன் என்னைப் பார்த்தார். ஆனால் என்னிடம் வரவில்லை. வண்டியை ஒரு சுற்று வந்தார். விரல் நுனியால் கதவைத் தொட்டார். குனிந்தார். பெருமூச்சு விட்டார். என் மனைவி, "யாருங்க இவரு, எதுக்கு நம்ம வண்டியப் பாக்குறாரு?" என்று காதருகே கேட்டாள்.

அவர் நிமிர்ந்தார். "ஏலே, மதுரையில ஒன்னைய யாரும் பாத்துக்கிறதே இல்லையா?" என்றார்.

வண்டியைக் கேட்டாரா, என்னைக் கேட்டாரா என்று தெரியவில்லை. நான் இரண்டுக்கும் சேர்த்துத் தலையாட்டினேன். அவர் வாளி எடுக்கப் போனார்.